தூதர் பதவிக்குப் பிறகு அறக்கட்டளைத் தலைமை: எடுக்கலாமா?

கேள்வி: எனக்கு 57 வயது. இந்திய வெளியுறவுப் பணியில் இருக்கிறேன். வளைகுடாவில் ஒரு துணைத் தூதரகத்தில் தொழிலாளர் நலப் பிரிவைப் பார்த்திருக்கிறேன். ஜெனீவாவில் சில வருஷம், அப்புறம் ஒரு சிறிய நாட்டில் தூதர். இப்போது டெல்லியில் இருக்கிறேன். என் சொந்த ஊர்ப் பக்கம், தென் மாவட்டத்தில், வெளிநாட்டு வேலைக்குப் போனவர்களின் குடும்பங்களுக்காக ஓர் அறக்கட்டளை நடக்கிறது. அதைத் தொடங்கியவர் சம்பளம் வாங்காமல் இத்தனை காலம் நடத்தினார். அவருக்கு வயதாகிவிட்டதால் என்னை நிர்வாக இயக்குநராக வரச் சொல்கிறார்கள். ஆண்டுச் செலவு சுமார் 3 கோடி ரூபாய். அதில் 1 கோடியே 20 லட்சம் வெளிநாட்டு நன்கொடை. மீதி கம்பெனிகளின் சிஎஸ்ஆர் (சமூகப் பொறுப்பு) பணமும் உள்ளூர் நன்கொடையும். எனக்கு மாதம் ஒன்றரை லட்சம் தருவதாகச் சொல்கிறார்கள். விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு சீக்கிரம் வந்தால் நல்லது, வெளிநாட்டு நிதிப் பதிவைப் புதுப்பிக்கும் விண்ணப்பம் நிலுவையில் இருக்கிறது, உங்களைப் போன்ற ஒருவர் இருந்தால் தெம்பாக இருக்கும் என்கிறார்கள். "தூதராக இருந்துவிட்டு நன்கொடை கேட்டு ஒவ்வொரு வாசலாக நிற்பாயா?" என்று என் கணவர் கேட்கிறார். தூதராக இருந்த அனுபவம் இந்த வேலைக்கு உண்மையிலேயே உதவுமா? அரசு தவறு செய்தால், அதற்குள்ளேயே இருந்த நான் எப்படிப் பேசுவது? - பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்:

வணக்கம்.

சுற்றி வளைக்காமல் பதிலை முதலில் சொல்லிவிடுகிறேன். இந்தப் பொறுப்பு உங்களுக்குப் பொருந்தும். எடுத்துக்கொள்ளுங்கள். ஆனால் விருப்ப ஓய்வு எழுதிக் கொடுத்துவிட்டு இப்போதே வர வேண்டாம்.

உங்கள் கடிதத்தில் என்னை உறுத்தியது அந்தப் புதுப்பித்தல் பற்றிய வரிதான். அறக்கட்டளைகளுக்குத் தலைமைப் பொறுப்பாளர்களைத் தேடித் தருவதும், அவர்களின் நிர்வாகக் குழுக்களுக்கு ஆலோசனை சொல்வதும் என் தொழில். "பெரிய அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்ற ஒருவர் வேண்டும்" என்று வருபவர்களிடம், அவர் வந்து என்ன செய்ய வேண்டும் என்று கேட்பேன். டெல்லிக்குப் போன் போட்டால் எதிர்முனையில் எடுப்பார்கள் என்பதுதான் பல நேரம் பதிலாக வரும். அவர்களைக் குறை சொல்ல முடியாது. பதிவு போய்விட்டால் களப் பணியாளர்களுக்குச் சம்பளம் நின்றுவிடும் என்ற பயம் நிஜமானது. ஆனால் யோசித்துப் பாருங்கள். வெளிநாட்டு நன்கொடைப் பதிவு உள்துறை அமைச்சகத்தின் கையில் இருக்கிறது. உங்கள் அமைச்சகத்துக்கு அதில் முடிவெடுக்கும் அதிகாரம் இல்லை. உங்களைத் தெரிந்தவர்களும் சில வருஷத்தில் மாறுதலாகியோ ஓய்வு பெற்றோ போய்விடுவார்கள். பதவியால் வந்த செல்வாக்கு அவ்வளவு காலம்தான் தாங்கும். அதை நம்பி உங்களை அழைத்தால், அது தீர்ந்த பிறகு நீங்கள் அங்கே எதற்கு என்ற கேள்வி வரும். ஆகவே, அது தீர்ந்த பிறகும் உங்களிடம் மீதி இருப்பது எது என்று பார்க்க வேண்டும். அப்படி மீதி இருப்பது நிறைய என்பது என் கருத்து.

ஜெனீவாவில் இருந்திருக்கிறீர்கள், அதனால் அந்த ஊர் உதாரணத்தையே எடுக்கிறேன். சர்வதேச செஞ்சிலுவைக் குழுவுக்கு 1987-இலிருந்து வந்த நான்கு தலைவர்களும் சுவிட்சர்லாந்தின் வெளியுறவுப் பணியிலிருந்து வந்தவர்கள். கொர்னேலியோ சொமருகா 1999 வரை. 2000-இலிருந்து 2012 வரை யாக்கோப் கெல்லன்பெர்கர். ஐரோப்பிய ஒன்றியத்துடன் சுவிட்சர்லாந்து செய்துகொண்ட இருதரப்பு ஒப்பந்தங்களுக்கான பேச்சுவார்த்தையை சுவிஸ் தரப்பில் தலைமையேற்று நடத்தியவர். அவருக்குப் பின் பீட்டர் மவுரர், ஐ.நா.வில் சுவிஸ் தூதராக நியூயார்க்கில் இருந்தவர். 2022 அக்டோபரிலிருந்து மிர்யானா ஸ்போல்யாரிச், அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண். சொமருகா அதோடு நிற்கவில்லை. அங்கிருந்து வந்த பிறகு கண்ணிவெடி அகற்றலுக்கான ஜெனீவா மையத்துக்கும், கோ (Caux) என்ற சுவிஸ் மலையூரோடு சேர்த்துப் பேசப்படும் சமாதான இயக்கம் ஒன்றுக்கும் தலைவராக இருந்தார். 1994-இலேயே கண்ணிவெடியை உலகம் முழுக்கத் தடை செய்ய வேண்டும் என்று வெளிப்படையாகக் கேட்டவர் அவர். 1997-இல் அந்தத் தடைக்கான ஒட்டாவா ஒப்பந்தம் கையெழுத்தானது. ஓய்வு பெற்ற பிறகும் அதே வேலையைக் கையில் எடுத்தார் என்பது எனக்கு மிகவும் பிடித்த விஷயம்.

ஒரு மனிதாபிமான அமைப்பு மருத்துவரையோ பொறியாளரையோ தேடாமல் ராஜதந்திரிகளைத் தேடுவதற்குக் காரணம், அந்த வேலையின் மையமே அனுமதி வாங்குவதுதான். நம் எல்லோருக்கும் தெரிந்த ஓர் இடத்தைச் சொல்கிறேன். 2009 பிப்ரவரியிலிருந்து மே வரை, வன்னியின் புதுமாத்தளன் கரையில் காயப்பட்டுக் கிடந்தவர்களைச் செஞ்சிலுவைக் குழு கடல் வழியாக வெளியே கொண்டுவந்தது. கப்பல் கரைக்கு வர முடியாது. சிறு படகுகளில் ஏற்றி, நடுக்கடலில் கப்பலுக்கு மாற்றி, திருகோணமலைக்கும் பிறகு புல்மோட்டைக்கும் கொண்டுபோனார்கள். காயப்பட்டவர்கள், நோயாளிகள், உடன் வந்தவர்கள் என்று கிட்டத்தட்ட 14,000 பேர். ஒவ்வொரு பயணத்துக்கும் அரசாங்கத்தின் சம்மதமும் வேண்டும், புலிகளின் சம்மதமும் வேண்டும். சண்டை ஓயாத நேரத்தில், ஒருவரை ஒருவர் அழிக்க நினைக்கும் இரண்டு தரப்பிடமும், இந்த நேரத்திலிருந்து இந்த நேரம் வரை சுடாதீர்கள் என்று கேட்டு வாங்க வேண்டும். கடைசியில் அதுவும் கிடைக்காமல் போனது. அதற்குள் உயிரோடு வெளியே வந்த அத்தனை பேரும் அப்படி வாங்கிய அனுமதியால் வந்தவர்கள்.

உங்கள் அறக்கட்டளையில் போர் இல்லை. ஆனால் வேலை அதே இனம்தான். ஊதியம் தராத முதலாளியிடம், பாஸ்போர்ட்டைப் பிடித்து வைத்திருக்கும் ஏஜென்ட்டிடம், பதில் போடாத அலுவலகத்திடம் கோபத்தை அடக்கிக்கொண்டு உட்கார்ந்து பேசி, இன்றைக்கு எது கிடைக்குமோ அதை வாங்கிவர வேண்டும். எதிரில் இருப்பவருக்கும் முகம் கெடாமல் ஒரு வழி வைத்துப் பேசுவது உங்களுக்குப் பழகிப்போன விஷயம். பல வருஷமாகக் களத்தில் இருக்கும் நல்ல சமூகப் பணியாளர்கள் பலருக்கு அது வராது. ஆகவே, அனுபவம் உதவுமா என்ற கேள்விக்கு ஐயமில்லாமல் ஆம் என்கிறேன்.

ஆனால் அதே பழக்கம் வேறு இடத்தில் காலை வாரும். 2022 மார்ச்சில், உக்ரைன் போர் தொடங்கி ஒரு மாதம் ஆகியிருந்த நேரத்தில், பீட்டர் மவுரர் மாஸ்கோ போய் ரஷ்ய வெளியுறவு அமைச்சர் செர்கெய் லாவ்ரோவைச் சந்தித்தார். போகாமல் இருக்க முடியாது. போர்க் கைதிகளைப் பார்க்கவும் முற்றுகையில் இருக்கும் ஊர்களுக்குள் போகவும் அவர்களிடம்தான் கேட்டாக வேண்டும். கை குலுக்கினார்கள், சிரித்த முகம், படம் எடுத்தார்கள். வெளியுறவுப் பணியில் அதை யாரும் இரண்டாவது முறை பார்க்க மாட்டார்கள். ஆனால் மரியுபோல் எரிந்துகொண்டிருந்த நேரத்தில் உக்ரைனியர்களுக்கு அந்தப் படம் வேறு மாதிரி தெரிந்தது. கடும் கோபம் கிளம்பியது. மவுரர் செய்த வேலை சரியானது என்றுதான் நான் நினைக்கிறேன். ஆனாலும் நீங்கள் அந்தப் படத்தை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். தூதர் கை குலுக்கினால் நாடு கை குலுக்கியதாகப் பொருள், அதற்கு நாடு பதில் சொல்லும். அறக்கட்டளைத் தலைவர் கை குலுக்கினால், அவரை நம்பி வந்த குடும்பங்கள் அதைப் பார்க்கும். சம்பளப் பாக்கி வைத்த ஆள்சேர்ப்பு நிறுவனத்தின் ஆண்டு விழாவில் நீங்கள் குத்துவிளக்கு ஏற்றும் படம் உள்ளூர் வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றினால், பத்து வருஷம் சேர்த்த நம்பிக்கை அந்த ஒரு சாயங்காலத்தில் போய்விடும். அழைப்பிதழ்களை இனி அந்தக் கண்ணோடு பாருங்கள்.

பணத்துக்கு வருகிறேன். இதுதான் உங்களுக்கு முற்றிலும் புதிய பாடம்.

ஸ்போல்யாரிச் பதவியேற்ற ஆறே மாதத்தில், 2023 வசந்த காலத்தில், செஞ்சிலுவைக் குழுவுக்குப் பெரிய நிதிப் பற்றாக்குறை வந்தது. அரசுகள் தாமாக முன்வந்து தரும் பணத்தில்தான் அந்த அமைப்பின் பெரும்பகுதி ஓடுகிறது, அது குறைந்தது. உலகம் முழுக்க ஆயிரக்கணக்கானவர்களின் வேலை போனது, அலுவலகங்கள் மூடப்பட்டன. ஐ.நா. வளர்ச்சித் திட்டத்தில் உயர் பொறுப்பு வகித்துவிட்டு வந்த ராஜதந்திரிக்கு, முதல் வருஷத்தில் எந்த அலுவலகத்தை மூடுவது, யாரை வீட்டுக்கு அனுப்புவது என்ற முடிவுதான் காத்திருந்தது. தூதரகத்தில் பட்ஜெட் குறைந்தால் டெல்லிக்கு எழுதலாம். இங்கே எழுத மேலே யாரும் கிடையாது.

நீங்கள் கொடுத்த எண்களையே வைத்துக் கணக்குப் போடலாம். வெளிநாட்டு நன்கொடையில் நிர்வாகச் செலவு 20 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்பது 2020-இல் வந்த திருத்தம். அதற்கு முன் 50 சதவீதம் வரை அனுமதி இருந்தது. 1 கோடியே 20 லட்சத்தில் 20 சதவீதம் 24 லட்சம். உங்களுக்குத் தருவதாகச் சொல்லும் சம்பளம் வருஷத்துக்கு 18 லட்சம். நிர்வாகத் தலைவரின் சம்பளம் நிர்வாகச் செலவில்தான் வரும். முழுவதையும் அந்தக் கணக்கிலேயே எழுதினால் மீதி 6 லட்சம். அலுவலக வாடகை, கணக்காளர், ஆடிட்டர் கட்டணம், மின்சாரம், பயணம் எல்லாவற்றிலும் இந்த நிதியின் பங்கு அந்த 6 லட்சத்துக்குள் அடங்க வேண்டும். அடங்காது. சரி, சிஎஸ்ஆர் பணத்தில் எழுதலாமே என்றால், கம்பெனிகள் திட்டம் திட்டமாகத்தான் தருகின்றன: இத்தனை பேருக்குப் பயிற்சி, இத்தனை பிள்ளைகளுக்குக் கல்வி உதவி. இயக்குநரின் சம்பளம் என்று ஒரு வரி போட்டால் அடித்துவிடுவார்கள், இல்லையென்றால் கொஞ்சூண்டு விடுவார்கள். கடைசியில் மிஞ்சுவது உள்ளூர் நன்கொடை. எதற்கும் கட்டுப்படாத ஒரே பணம் அதுதான், ஒரு பெண் ராத்திரி பதினொரு மணிக்குப் போன் செய்து உடனே டிக்கெட் எடுக்க வேண்டும் என்று அழும்போது கை வைக்கக்கூடிய பணமும் அதுதான். உங்கள் சம்பளம் அதை எவ்வளவு தின்னும் என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

இதைப் படித்ததும் சம்பளமே வேண்டாம் என்று சொல்லிவிடத் தோன்றும். பென்ஷன் இருக்கிறது, போதும் என்று. தயவுசெய்து அப்படிச் சொல்லாதீர்கள். தொடங்கியவர் சம்பளம் வாங்காமல் நடத்தியது பெரிய மனசு. ஆனால் அதனால்தான் இன்றைக்கு அந்த அமைப்புக்கு ஒரு தலைவருக்கு என்ன செலவாகும் என்பதே தெரியாமல் இருக்கிறது. நீங்களும் இலவசமாகச் செய்தால், உங்களுக்குப் பிறகு வர வேண்டிய நாற்பது வயதுக்காரர், பிள்ளைகளுக்கு ஃபீஸ் கட்ட வேண்டியவர், எப்படி வருவார்? இன்னொன்று, சம்பளம் வாங்காதவரை யாரும் கேள்வி கேட்பதில்லை. நிர்வாகக் குழு உங்களைக் கேள்வி கேட்க வேண்டும். ஒன்றரை லட்சம் இந்த அளவு அமைப்புக்கு அதிகம் என்றால் குறைத்துக்கொள்ளுங்கள். உங்களுக்குப் பின் வருபவருக்கும் தொடர்ந்து கொடுக்க முடிகிற தொகையாக அது இருக்கட்டும்.

உங்கள் கணவரின் கேள்வி நியாயமான அக்கறையில் வந்தது என்று எடுத்துக்கொள்கிறேன். ஆனால் நீங்கள் இத்தனை வருஷமும் கேட்டுக்கொண்டுதானே இருந்தீர்கள்? ஐ.நா. தேர்தலில் நம் நாட்டுக்கு வாக்கு, சிறையில் இருக்கும் நம் ஆளுக்கு மன்னிப்பு, நம் கம்பெனிக்கு அனுமதி. ஜெனீவாவில் உலகத்தின் மிகப் பெரிய மனிதாபிமான அமைப்புகளின் தலைவர்கள் வருஷம் முழுக்கத் தலைநகரம் தலைநகரமாகப் போய்க் கேட்பதைப் பக்கத்திலிருந்து பார்த்திருப்பீர்கள். அவர்களில் யாரையாவது நீங்கள் கீழாக நினைத்ததுண்டா? ஒரே வித்தியாசம், இனி மறுப்பு உங்கள் முகத்துக்கு நேராக வரும். நாட்டை மறுத்தார்கள் என்று தள்ளிவிட முடியாது. முதல் சில முறை வலிக்கும். கேட்பது யாருக்காக என்பது கண் முன்னால் இருந்தால் பழகிவிடும்.

அரசைப் பற்றி எப்படிப் பேசுவது என்பதுதான் உங்கள் கடிதத்திலேயே கனமான கேள்வி. கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன்.

வளைகுடாவில் ஒருவர் இறந்தால் என்ன நடக்கும் என்பது உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். ஆஸ்பத்திரியின் இறப்புச் சான்று, போலீஸ் அறிக்கை, குடும்பத்தின் சம்மதக் கடிதம், ரத்து செய்த பாஸ்போர்ட், தூதரகத்தின் தடையில்லாச் சான்று, உடலைப் பதப்படுத்திய சான்று, விமான சரக்குப் பிரிவு. முதலாளி செலவை ஏற்காவிட்டால் 2009-இல் தொடங்கிய இந்திய சமூக நல நிதியிலிருந்து கொடுக்கலாம். நீங்கள் அந்த மேஜையில் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள். இனி நீங்கள் உட்காரப் போவது மறுமுனையில். சாயல்குடிப் பக்கம் ஒரு வீட்டில், கணவனின் பாஸ்போர்ட் நகலையும் கடைசியாக வந்த வாய்ஸ் மெசேஜையும் வைத்துக்கொண்டு, இருபது நாளாக உடல் வரவில்லை என்று ஒரு பெண் உட்கார்ந்திருப்பார். சம்மதக் கடிதத்தில் உடலைக் கொண்டுவர வேண்டும் என்ற கட்டத்துக்குப் பதில் அங்கேயே அடக்கம் செய்யலாம் என்ற கட்டத்தில் யாரோ டிக் அடித்துக் கையெழுத்து வாங்கியிருப்பார்கள். உங்கள் களப் பணியாளர் தூதரகத்துக்கு ஆறு முறை போன் செய்திருப்பார். எடுத்திருக்க மாட்டார்கள். அங்கே மூன்று பேர் முந்நூறு கோப்புகளைப் பார்க்கிறார்கள் என்பது உங்களுக்குத் தெரியும். அந்தப் பெண்ணுக்கு அது தேவையில்லாத விவரம்.

இங்கே இரண்டு தவறு நடக்கலாம். ஒன்று, பழைய சகாக்களை விட்டுக்கொடுக்கக் கூடாது என்று வாய் மூடி இருப்பது. இன்னொன்று, நான் அவர்கள் ஆள் இல்லை என்று காட்டுவதற்காகவே முதல் நாளே பத்திரிகைக்குப் போவது. பழைய அதிகாரிகள் இரண்டாவதைச் செய்தும் பார்த்திருக்கிறேன். கைதட்டல் கிடைக்கும், உடல் வராது.

கெல்லன்பெர்கர் காலத்தில் நடந்ததைப் பாருங்கள். 2003-இல் இராக்கில் அமெரிக்கப் படைகள் நடத்திய அபு கிரைப் சிறைக்குப் போன செஞ்சிலுவைப் பிரதிநிதிகள் அங்கே நடந்த கொடுமைகளைப் பார்த்தார்கள், பொறுப்பான அதிகாரிகளிடம் அப்போதே சொன்னார்கள். 2004 ஜனவரியில் அவரே வாஷிங்டன் போய் வெளியுறவு அமைச்சர் காலின் பவல், தேசியப் பாதுகாப்பு ஆலோசகர் காண்டலீசா ரைஸ் போன்றவர்களிடம் கைதிகள் விஷயத்தைப் பேசினார். பிப்ரவரியில் அறிக்கையை எழுத்தில் கொடுத்தார்கள். ரகசியமாகவே. மே மாதம் அந்த அறிக்கை, குழுவின் சம்மதம் இல்லாமல், பத்திரிகையில் வெளியானது. ஏன் முன்பே சொல்லவில்லை என்று உலகம் கேட்டது. வெளியே சொன்னால் சிறைக் கதவு மூடிவிடும், கைதியை அடுத்த மாதம் யாரும் பார்க்க முடியாது என்பது அவர்கள் பதில். அந்தப் பதிலில் பலம் இருக்கிறது. அதே பதில் தவறாகப் போன வரலாறும் அதே வீட்டில் இருக்கிறது. 1942 அக்டோபரில், யூதர்கள் கொல்லப்படுவது பற்றிய தகவல்கள் கையில் இருந்தும், தயாரித்து வைத்திருந்த பொது வேண்டுகோளை வெளியிட வேண்டாம் என்று குழு முடிவு செய்தது. அரை நூற்றாண்டு கழித்து, சொமருகா தலைவராக இருந்தபோது, அது தார்மீகத் தோல்வி என்று வெளிப்படையாக ஒப்புக்கொண்டார்கள்.

இப்போது அவர்கள் எழுதி வைத்திருக்கும் வழிமுறை உங்களுக்கு அப்படியே உதவும். மீறல் பெரியதாகவும் திரும்பத் திரும்ப நடப்பதாகவும் இருக்க வேண்டும். தங்கள் ஆட்களே பார்த்ததாகவோ நம்பகமான வழியில் உறுதியானதாகவோ இருக்க வேண்டும். ரகசியமாகச் சொல்லிப் பார்த்துப் பலன் இல்லாமல் போயிருக்க வேண்டும். வெளியே சொல்வது பாதிக்கப்பட்டவர்களுக்கு நன்மையாக இருக்க வேண்டும். இந்த நான்கும் சேர்ந்தால் வாய் திறக்கிறார்கள். 2009 மே மாத நடுவில், வன்னியில் நடப்பது கற்பனைக்கு எட்டாத மனிதப் பேரழிவு என்று அவர்கள் வெளிப்படையாகச் சொன்னதும் கப்பல்கூடக் கரையை நெருங்க முடியாமல் போன பிறகுதான். போதுமா, முன்பே சொல்லியிருக்க வேண்டாமா என்று கேட்கும் உரிமை அந்தக் கரையில் இருந்தவர்களுக்கு உண்டு. அந்தக் கேள்வியை நான் தள்ளிவிட மாட்டேன்.

நீங்கள் செய்ய வேண்டியது: இப்படி ஒரு முறையை முதல் மாதமே நிர்வாகக் குழுவில் வைத்துத் தீர்மானமாக எழுதி வாங்குங்கள். தூதரகத்துக்கு எத்தனை நாள் அவகாசம், அடுத்து யாருக்கு எழுதுவது, மாநில அரசின் அயலகத் தமிழர் நலத் துறைக்கு எப்போது போவது, எந்தக் கட்டத்தில் பத்திரிகையாளரை அழைப்பது, குடும்பத்தின் சம்மதத்தை எப்படி வாங்குவது என்று. எழுத்தில் இருந்தால், பழைய நண்பர் ஒருவர் போன் செய்து "கொஞ்சம் பொறுங்களேன் மேடம்" என்று சொல்லும் நாளில் நீங்கள் தனியாக முடிவெடுக்க வேண்டியிருக்காது. அந்த போன் கண்டிப்பாக வரும்.

எல்லோரும் ஒரே மாதிரி இருக்க வேண்டியதும் இல்லை. நார்வேயின் யான் எகலாந்து வேறு சுபாவம். வெளியுறவு அமைச்சகத்தில் இருந்தபோது இஸ்ரேல்-பாலஸ்தீன ஒஸ்லோ ஒப்பந்தத்துக்கான ரகசியப் பேச்சில் பங்கெடுத்த அதே மனிதர், 2004 சுனாமிக்கு மறுநாள், ஐ.நா. அதிகாரியாக இருந்துகொண்டே பணக்கார நாடுகள் உதவியில் கஞ்சத்தனம் காட்டுகின்றன என்று சொல்லி அமெரிக்காவின் கோபத்தைச் சம்பாதித்தார். 2013-இலிருந்து நார்வே அகதிகள் கவுன்சிலின் தலைமைச் செயலாளராக இருந்துகொண்டு இன்றும் உரக்கப் பேசுகிறார். அவரிடம் எனக்குப் பிடித்தது வேறொன்று: இளவயதிலேயே ஆம்னஸ்டி என்ற மனித உரிமை அமைப்பிலும் பிறகு நார்வே செஞ்சிலுவைச் சங்கத்திலும் வேலை பார்த்தவர். அரசுக்குள் போவதும் வெளியே வருவதுமாக இருந்ததால், அறப்பணி அவருக்கு ஓய்வுக்காலத்து வேலையாக அமையவில்லை. நம் பக்கம் அப்படிப் போய் வரும் வழக்கம் குறைவு. நம் முன்னாள் வெளியுறவுச் செயலர் நிருபமா ராவ் ஓய்வுக்குப் பின், 2018-இல், கணவருடன் சேர்ந்து தெற்காசிய சிம்ஃபொனி அறக்கட்டளையைத் தாமே தொடங்கினார். அடுத்த வருஷம் மும்பையில் தெற்காசிய நாடுகளின் இசைக்கலைஞர்களை ஒரே மேடையில் உட்கார வைத்தார். புதிதாகத் தொடங்குவதில் ஒரு சுதந்திரம் உண்டு. நீங்கள் போவது வேறொருவர் வாழ்நாள் முழுக்க வளர்த்த வீட்டுக்கு. அங்கே மருமகளாகப் போகிறவருக்கு இருக்கும் நிதானம் வேண்டும்.

அதனால் ஒன்று கேட்டுக்கொள்ளுங்கள். தொடங்கியவர் விலகிய பிறகு எங்கே இருப்பார்? குழுவில் இருப்பாரா? காசோலையில் யார் கையெழுத்து? களப் பணியாளர்கள் யாரிடம் போய்ச் சொல்வார்கள்? இதை மரியாதையோடு, அவர் எதிரிலேயே, சேருவதற்கு முன் பேசி முடித்துவிடுங்கள். சேர்ந்த பிறகு பேசினால் அதிகாரப் போட்டி என்று ஆகிவிடும்.

இனி நேரம். இருபது வருஷப் பணி முடித்தவர் மூன்று மாத நோட்டீஸில் விருப்ப ஓய்வு பெறலாம், உங்களுக்கு அதில் சிக்கல் இருக்காது. இருந்தும் 60 வரை இருங்கள் என்கிறேன். புதுப்பித்தல் விண்ணப்பம் உங்கள் பெயர் இல்லாமல், அதன் தகுதியில், முடிவாகட்டும். அதன் தலைவிதி தெரியாமல் உங்கள் மூன்று வருஷத்தைக் கொடுக்காதீர்கள். அதுவரை அவர்களின் நிர்வாகிகள் பட்டியலில் உங்கள் பெயர் வரவே கூடாது. பணியில் இருப்பவர் முன் அனுமதி இல்லாமல் நிதி திரட்டக் கூடாது என்பது நடத்தை விதி. வெளிநாட்டு நன்கொடைச் சட்டமும் பொது ஊழியர்கள் அந்தப் பணத்தைப் பெறுவதைத் தடுக்கிறது. ஓய்வுக்குப் பின் ஓராண்டுக்குள் வணிக நிறுவன வேலைக்குப் போக அரசின் முன் அனுமதி வேண்டும். பொது அறக்கட்டளை அதில் வராது என்று தோன்றினாலும், கம்பெனிச் சட்டத்தின் 8-ஆம் பிரிவில் லாப நோக்கமில்லாத கம்பெனியாகப் பதிவான அமைப்பாக இருந்தால் அமைச்சகத்துக்கு எழுதிக் கேட்டு, பதிலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.

அவர்களால் மூன்று வருஷம் காத்திருக்க முடியாது என்றால் காத்திருக்க வேண்டாம் என்று சொல்லுங்கள். உள்ளேயே இருக்கும் மூத்த களப் பணியாளர் ஒருவரை இயக்குநராக்கிப் பார்க்கட்டும். அவர் நன்றாகச் செய்தால், 60 வயதில் நீங்கள் குழுவின் தலைவராக வரலாம். அந்த இருக்கை உங்களுக்கு இன்னும் பொருத்தமாகக்கூட இருக்கலாம். இதற்கிடையில் விடுமுறைக்கு ஊருக்கு வரும்போது ஒரு வாரம் அவர்கள் கணக்காளர் பக்கத்தில் உட்கார்ந்து வவுச்சர்களைப் பாருங்கள். இன்னொரு வாரம் களப் பணியாளரோடு பஸ்ஸில் போங்கள். யாரென்று சொல்லாமல் போக முடிந்தால் இன்னும் நல்லது.

இந்த வாரமே அறக்கட்டளையிடம் மூன்று காகிதங்கள் கேளுங்கள்: கடைசி மூன்று வருஷ ஆடிட் அறிக்கைகள், உள்துறை அமைச்சகத்துக்கு அனுப்பிய புதுப்பித்தல் விண்ணப்பமும் அதற்கு வந்த கேள்விகளும் பதில்களும், நிர்வாகக் குழுவின் கடந்த ஓராண்டுக் கூட்டக் குறிப்புகள். தயங்காமல் கொடுத்தால் பாதிக் கவலை தீர்ந்தது. கையில் கிடைத்ததும் எனக்கு அனுப்புங்கள், உங்கள் சம்பளத்தை எந்தக் கணக்கில் வைப்பது என்று சேர்ந்து பார்க்கலாம்.